சிபிஐ விசாரணை கேட்டு கோர்ட்டுக்குப் போவது ஏன்? வாச்சாத்தி சொல்லும் பதில்

ஊரில் பெரிய குற்றம் ஒன்று நடந்தால் போதும். "உள்ளூர் போலீஸ் வேண்டாம், சிபிஐ விசாரிக்கட்டும்" என்ற கோரிக்கை மறுநாளே பேப்பரில் வந்துவிடும். டீக்கடையில் அதைப் படிப்பவர்கள் "எல்லாம் அரசியல்" என்று பக்கத்தைத் திருப்பிவிடுவார்கள். பல சமயம் அது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் விசாரணை கைமாறாமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசிக்க வைக்கும் வழக்கு ஒன்று இருக்கிறது.

1990களில் அந்தியூரை ஒட்டிய பர்கூர் மலையில் இருந்து சத்தியமங்கலம், தருமபுரி காடுகள் வரை சந்தன மரக் கடத்தலும் வீரப்பன் தேடுதல் வேட்டையும்தான் பேச்சு. காக்கிச்சட்டை வந்தாலே மலை கிராமத்து ஜனங்களுக்கு பயம். அந்தக் காலத்தில்தான், 1992 ஜூன் 20 அன்று, தருமபுரி மாவட்டம் அரூர் பக்கம் சித்தேரி மலையடிவாரத்தில் உள்ள வாச்சாத்திக்குள் வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் சந்தனக் கட்டை தேடி நுழைந்தார்கள். மலையாளி பழங்குடி மக்கள் வாழும் ஊர் அது. வீடுகள் சூறையாடப்பட்டன. பெண்களும் குழந்தைகளுமாக நூற்றுக்கும் மேற்பட்டோர் கைது செய்யப்பட்டனர். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாயினர்.

இப்போது கேள்வி இதுதான். குற்றம் சாட்டப்பட்டவர்களில் போலீஸ்காரர்களே இருந்தால், பாதிக்கப்பட்டவர் எந்த ஸ்டேஷனுக்குப் போய் புகார் கொடுப்பது?

தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கம் விஷயத்தை வெளியே கொண்டு வந்தது. மார்க்சிஸ்ட் தலைவர் ஏ.நல்லசிவன் சுப்ரீம் கோர்ட் படியேறினார். வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்தது. 1995ல் சிபிஐ விசாரணைக்கு உத்தரவானது.

சட்டம் என்ன சொல்கிறது? போலீஸ் மாநில அரசின் கையில் உள்ள துறை. சிபிஐ 1946ஆம் ஆண்டின் டெல்லி சிறப்புக் காவல் சட்டத்தின்படி இயங்குகிறது. அதன் 6ஆவது பிரிவுப்படி, ஒரு மாநிலத்துக்குள் அது விசாரிக்க அந்த மாநிலத்தின் சம்மதம் தேவை. ஆனால் கோர்ட் உத்தரவிட்டால் அந்த சம்மதம் தேவையில்லை. 2010 பிப்ரவரியில் மேற்கு வங்க வழக்கொன்றில் சுப்ரீம் கோர்ட்டின் 5 நீதிபதிகள் அமர்வு இதைத் தெளிவாக்கியது. அதனால், 2023 ஜூனில் தமிழக அரசு பொது சம்மதத்தைத் திரும்பப் பெற்ற பிறகும் கோர்ட்டின் அதிகாரம் அப்படியேதான் இருக்கிறது.

அதே தீர்ப்பு ஒரு கடிவாளமும் போட்டது. உள்ளூர் போலீஸ் மேல் ஒருவர் குறை சொல்கிறார் என்பதற்காக மட்டும் மாற்றிவிட முடியாது. அரிதான, அசாதாரண நிலையில்தான் மாற்ற வேண்டும். இல்லையென்றால் சிபிஐ வழக்குகளில் மூழ்கிவிடும்.

வாச்சாத்தியில் வேலியே பயிரை மேய்ந்திருந்தது. இதைவிட அசாதாரண நிலை வேறென்ன?

சிபிஐ 269 பேர் மேல் குற்றம் சாட்டியது. 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி கோர்ட் தீர்ப்பளித்தபோது அவர்களில் 54 பேர் உயிரோடு இல்லை. மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பானது. வனத்துறையினர் 126, போலீஸ் 84, வருவாய்த்துறை 5. அவர்களில் 17 பேர் மேல் பாலியல் வன்கொடுமைக் குற்றம் உறுதியானது. மேல்முறையீட்டை விசாரித்த நீதிபதி பி.வேல்முருகன் நேரிலேயே வாச்சாத்திக்குப் போய்ப் பார்த்தார். 2023 செப்டம்பர் 29 அன்று தண்டனையை உறுதி செய்தார். 18 பெண்களுக்கும் தலா 10 லட்சம் ரூபாய் தரச் சொன்னார்.

இன்னொரு பக்கத்தையும் பார்க்க வேண்டும். வீரப்பன் வேட்டையில் அதிரடிப்படை செய்த அத்துமீறல்களை விசாரிக்க 1999ல் தேசிய மனித உரிமை ஆணையம் நீதிபதி சதாசிவா குழுவை அமைத்தது. அதன் முடிவில், 2007ல், 89 பேருக்கு 2.80 கோடி ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது ஆணையம். ஆணையத்தால் பரிந்துரைக்கத்தான் முடியும். ஒருவரைக் குற்றவாளி என்று தீர்ப்பளிக்க கோர்ட்டால்தான் முடியும். அதற்கு நம்பகமான புலனாய்வு முதலில் வேண்டும்.

விசாரணை மாறியதும் நீதி கிடைத்துவிடவில்லை. சம்பவத்துக்கும் முதல் தீர்ப்புக்கும் நடுவே 19 வருடம். மேல்முறையீட்டுக்கு இன்னும் 12 வருடம். ஆனாலும் 1995ல் அந்த உத்தரவு வராமல் இருந்திருந்தால், அந்தப் பெண்களின் சாட்சியத்தைக் கேட்க ஒரு கோர்ட்டே இருந்திருக்காது. அடுத்த முறை "சிபிஐ விசாரணை வேண்டும்" என்ற செய்தியைப் படிக்கும்போது, கேட்பது யார், யாருக்கு எதிராகக் கேட்கிறார் என்று பார்த்துவிட்டுப் பக்கத்தைத் திருப்புங்கள்.