கமராவும் ஒரு சாட்சியே

இசைக் கலைஞரைப் படம்பிடிப்போர் ஒரு காலத்தின் சாட்சிகளாவர். 'எம்.ஐ.ஏ.' எனும் பெயரில் பாடகியாகப் புகழ்பெற்ற மாதங்கி அருள்பிரகாசம் முதலில் கமராவையே கையிலெடுத்தவர். 1975இல் இலண்டனில் பிறந்து, யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, 1986இல் அகதியாக இலண்டன் திரும்பிய அவர், அங்கு திரைப்படக் கலை பயின்றார். 'எலாஸ்டிகா' என்னும் ஆங்கிலேய இசைக்குழுவின் அமெரிக்கச் சுற்றுப்பயணத்தைப் படமாக்கினார். 2001இல் இலங்கை வந்து உறவினரையும் படம்பிடித்தார். அவர் பேணிவைத்த பதிவுகளைக் கொண்டு கல்லூரித் தோழர் ஸ்டீவ் லவ்ரிட்ஜ் இயக்கிய 'மாதங்கி/மாயா/எம்.ஐ.ஏ.' ஆவணப்படம், 2018இல் சன்டான்ஸ் விழாவில் நடுவர் குழுவின் சிறப்பு விருதைப் பெற்றது.

பேணப்பட்டமையாலேயே அவை படமாயின. நம்மவருக்கோ அவ்வாய்ப்பு அரிதாகவே கிட்டியது. 1990இல் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களும், 2009 வரை இடம்பெயர்ந்தலைந்த வன்னித் தமிழரும் நிழற்படங்களையும் ஒலிநாடாக்களையும் கைவிட்டே சென்றனர்.

பூவரசங்குளம் போன்ற கிராமங்களில் காத்தவராயன் கூத்தின் மெட்டுகளையோ, பக்கீர் பைத்தையோ அறிந்த முதியோர் எஞ்சியிருப்பின், அவர்களைப் பதிவு செய்வதற்குப் பெருஞ்செலவு தேவையில்லை. இளைஞர் கையிலுள்ள தொலைபேசியே போதுமானது. பாடலோடு பாடியவர் பெயர், ஊர், திகதி ஆகியவற்றையும் குறித்து, பிரதிகளைப் பாடசாலையிலும் நூலகத்திலும் வைத்தல் வேண்டும். முதியோர் மறைந்தபின் வருந்துவதிற் பயனில்லை என்பதே எமது கருத்தாகும்.