சாக்ஸபோனில் கமகம் வாசித்த கத்ரி கோபால்நாத்

தென்காசி, வடகரை, செங்கோட்டைப் பக்கம் கல்யாணம் என்றாலும் கோயில் கொடை என்றாலும் முதலில் காதில் விழுவது நாதஸ்வரமும் தவிலும்தான். காருகுறிச்சி அருணாசலம் பிறந்த சீமை அல்லவா! ஆனால் இப்போதெல்லாம் தமிழ்நாட்டுக் கல்யாண மேடைகளில் வளைந்த பித்தளைக் குழல் ஒன்றும் ஹம்சத்வனி வாசிக்கிறது. அந்த சாக்ஸபோன் இங்கே வந்து சேர முக்கியக் காரணம் கத்ரி கோபால்நாத்.

சாக்ஸபோனைக் கண்டுபிடித்தவர் பெல்ஜியத்தைச் சேர்ந்த அடால்ஃப் சாக்ஸ். 1846-ல் காப்புரிமை பெற்றார். ராணுவ பேண்டு வாத்தியமாக இருந்ததை உலகப் புகழ் பெற வைத்தது அமெரிக்காவின் ஜாஸ் இசை.

கோபால்நாத் 1949-ல் மங்களூர் அருகே சஜிபமூடா கிராமத்தில் பிறந்தார். அப்பா தனியப்பா நாதஸ்வர வித்வான். பையனும் நாதஸ்வரம்தான் கற்றான். ஒருநாள் மைசூர் அரண்மனை பேண்டில் சாக்ஸபோனைக் கேட்டான். அவ்வளவுதான், மனசு அதிலேயே நின்றுவிட்டது. மங்களூரில் கோபாலகிருஷ்ண ஐயரிடமும், பிறகு சென்னையில் டி.வி. கோபாலகிருஷ்ணனிடமும் பயின்றார்.

ஆசை சரி, வாத்தியம் ஒத்துழைக்க வேண்டுமே? கர்நாடக இசையின் உயிர் கமகம். ஒரு ஸ்வரத்தை அசைத்து, இழுத்து, பக்கத்து ஸ்வரத்தைத் தொட்டுத் திரும்ப வேண்டும். நாதஸ்வரத்தில் துளையை விரலால் பாதி மூடலாம், சீவாளியில் உதட்டால் சுருதியை வளைக்கலாம். சாக்ஸபோனில் விரல் துளையைத் தொடுவதே இல்லை! கீயை அழுத்தினால் மூடி திறக்கும் அல்லது மூடும். படிக்கட்டு மாதிரி, ஒரு படியிலிருந்து அடுத்த படிக்குத் தாவத்தான் முடியும். வழுக்கிக்கொண்டு போக முடியாது.

கோபால்நாத் வாத்தியத்திலேயே சில மாற்றங்கள் செய்தார். மீதியை மூச்சும் உதடும் பார்த்துக்கொண்டன. இதை வசப்படுத்த ஏறக்குறைய இருபது வருடம் ஆனது என்பார்கள். அவருடைய ராக ஆலாபனையைக் கண்ணை மூடிக் கேட்டால் பல இடங்களில் நாதஸ்வரமே நினைவுக்கு வரும். அப்பாவிடம் கற்ற வித்தை எங்கே போகும்?

பேண்டு வாத்தியத்தில் கீர்த்தனையா என்று முகம் சுளித்தவர்களும் உண்டு. கொஞ்சம் வேடிக்கைதான். கச்சேரிக்கு இன்றியமையாத வயலினே வெளிநாட்டிலிருந்து வந்ததுதானே! அதைக் கர்நாடக இசைக்குக் கொண்டுவந்தவர்களில் ஒருவரான பாலுசாமி தீட்சிதர் பிறகு எட்டயபுரத்தில் சமஸ்தான வித்வானாகவே இருந்தார்.

திருப்புமுனை ஜாஸ் மேடையிலேயே வந்தது. 1980-ல் பம்பாயில் நடந்த ஜாஸ் விழாவுக்கு அமெரிக்க சாக்ஸபோன் கலைஞர் ஜான் ஹாண்டி வந்திருந்தார். கோபால்நாத்தின் வாசிப்பைக் கேட்டவர், தன்னோடு மேடையில் வாசிக்க அழைத்தார். 1994-ல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் பிபிசி நடத்தும் ப்ரோம்ஸ் விழாவில் வாசித்தார். அதற்கு அழைக்கப்பட்ட முதல் கர்நாடக இசைக் கலைஞர் இவரே.

அதே 1994-ல்தான் தமிழ்நாட்டின் பட்டிதொட்டியெல்லாம் இவர் வாசிப்பு ஒலித்தது. கே. பாலசந்தரின் 'டூயட்', இசை ஏ.ஆர். ரஹ்மான். திரையில் பிரபு வாசிப்பார், பின்னால் ஒலிப்பது கோபால்நாத்தின் சாக்ஸபோன். எத்தனையோ ராகங்கள் வாசித்தும் இயக்குநருக்குத் திருப்தி வரவில்லை, கடைசியில் கல்யாண வசந்தம் வாசித்ததும்தான் பிடித்துப்போனது என்று அவரே பேட்டியில் சொல்லியிருக்கிறார். 2004-ல் பத்மஸ்ரீ கிடைத்தது. 2019 அக்டோபர் 11 அன்று மங்களூரில் காலமானார். மகன் மணிகாந்த் கத்ரி திரைப்பட இசையமைப்பாளர்.

இங்கே பலருக்குத் தெரியாத ஒரு கதையும் உண்டு. அமெரிக்காவில் வளர்ந்த இந்திய வம்சாவளி ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர், இசையமைப்பாளர் ருத்ரேஷ் மகந்தப்பா. மாணவராக இருந்தபோது அவருடைய அண்ணன் கேலியாக ஒரு சிடியை வாங்கிக் கொடுத்தார். தலைப்பு, 'சாக்ஸபோன் இந்தியன் ஸ்டைல்'. போட்டுக் கேட்டவர் அசந்துபோனார். வாசித்திருந்தவர் கோபால்நாத்! பிற்பாடு அவரைத் தேடி வந்து, சேர்ந்து வாசித்து, 2008-ல் 'கின்ஸ்மென்' என்ற இசைத்தட்டை வெளியிட்டார். 'உறவினர்கள்' என்று பொருள். அதில் ஏ. கன்யாகுமரியின் வயலினும் பூவலூர் ஸ்ரீஜியின் மிருதங்கமும் ஒரு பக்கம், ஜாஸ் கிடாரும் டிரம்ஸும் மறுபக்கம். நடுவே இரண்டு சாக்ஸபோன்கள், ஒன்று ராகத்தை விரிக்க, மற்றொன்று ஜாஸ் பாணியில் பதில் சொல்கிறது.