எட்டயபுரத்தில் ஒலித்த பிடில்: பாலுசுவாமி தீட்சிதரின் இசைவாழ்வு

விருதுநகர், சிவகாசி, சாத்தூர் என்று பெயர் கேட்டதும் தீப்பெட்டியும் பட்டாசும் நினைவுக்கு வருதல் இயல்பு. ஆனால் 1923ஆம் ஆண்டை ஒட்டி அத்தொழில் இங்கு வேரூன்றுவதற்கு ஒரு நூற்றாண்டு முன்னரே, இக்கரிசல் நிலம் இசைக்கும் இடமளித்திருந்தது. அருப்புக்கோட்டையிலிருந்து தூத்துக்குடி செல்லும் நெடுஞ்சாலையில் அமைந்த எட்டயபுரமே அவ்விடம். உமறுப் புலவரைப் போற்றிய அரசவை அது. பாரதி பிறந்த ஊரும் அதுவே. அங்கு வாழ்ந்த பாலுசுவாமி தீட்சிதரைத் தமிழுலகம் போதிய அளவு நினைப்பதில்லை.

அம்சத்வனி இராகத்தை உருவாக்கிய இராமசுவாமி தீட்சிதரின் மகன். முத்துசுவாமி தீட்சிதரின் இளவல். 1786இல் பிறந்த பாலுசுவாமி, வீணை, மிருதங்கம் முதலிய பல கருவிகளில் தேர்ந்தவர். மணலி முத்துகிருஷ்ண முதலியாரின் ஆதரவில் குடும்பம் சென்னையை அடுத்த மணலியில் வாழ்ந்த காலத்தே, கோட்டையின் ஐரோப்பிய வாத்திய இசை அவர்கள் செவிக்கு எட்டியது. தமையனார் அம்மெட்டுகளுக்குச் சாகித்தியம் புனைந்தார். அவையே நோட்டு சுவரங்கள். தம்பியாரோ, ஐரோப்பியர் ஒருவரிடம் மூன்றாண்டுகள் பிடில் பயின்றார்.

பிறர் மெட்டுக்குச் சொல் தந்தார் மூத்தவர். பிறர் கருவிக்கு நம் இராகத்தைத் தந்தார் இளையவர். வீணைக்குரிய மெட்டுகள் வயலினில் இல்லை. ஆதலின் விரல் தடையின்றி வழுக்கிச் சென்று கமகங்களை எழுப்பும். வில்லோ, மிடற்றிசை போல ஒலியை நீட்டித்து நிறுத்தும். இவ்விரு பண்புகளும் நம் இசைக்குப் பொருந்துவன என்று கண்டுகொண்டதே அவர்தம் நுண்ணறிவு. இப்பெருமையில் தஞ்சை வடிவேலுவுக்கும் வராகப்பையருக்கும் பங்குண்டு. எனினும் முன்னோடிகளுள் பாலுசுவாமியை முதலில் வைத்து எண்ணுதல் மரபு.

1824இல் எட்டயபுரம் அரசர் அவரைச் சமஸ்தான வித்துவானாக அமர்த்தினார். அரசர் இயற்றிய கீர்த்தனைகளுக்கு அவர் முக்தாயி சுவரங்கள் அமைத்தார். தம்பியார் அங்கிருந்தமையாலேயே முத்துசுவாமி தீட்சிதரும் எட்டயபுரம் வந்தார். 1835இல் அம்மண்ணிலேயே மறைந்தார். அவருடைய நினைவிடம் இன்றும் அவ்வூரில் உள்ளது.

கவிஞன் மறைந்தாலும் ஏடு நிற்கும். ஒலிப்பதிவு தோன்றாத காலத்துக் கருவியாளனின் கலையோ காற்றோடு கலந்துவிடும். பாலுசுவாமியின் வில் எழுப்பிய நாதம் எப்படியிருந்தது என்று உரைப்பார் எவருமிலர். ஆயினும் அம்மரபு அழியவில்லை. தம் மகள் வயிற்றுப் பேரனாகிய சுப்பராம தீட்சிதரை (1839–1906) மகவாக ஏற்று, தாமே பயிற்றினார். அவர் 1904இல் எட்டயபுரத்தில் பதிப்பித்த ‘சங்கீத சம்பிரதாயப் பிரதர்சினி’ அக்குடும்பத்தின் இசைச் செல்வத்தைச் சுவரக் குறிப்போடு காத்தது. தெலுங்கிலமைந்த அந்நூலை, 1961 முதல் சென்னை மியூசிக் அகாடமி தமிழ் எழுத்தில் வெளியிட்டது. சுப்பராமர் மறைந்தபோது பாரதி இரங்கற்பா பாடினார்.

அவையில் பாடுவோர் பெயரை நினைவில் வைப்போர் பலர். பக்கத்தில் அமர்ந்து வில்லேந்துவோரை நினைப்போர் சிலர். இன்று வயலின் இல்லாத கருநாடக இசைக் கச்சேரி அரிது. அவ்வொவ்வொரு வில்லசைவிலும் இக்கரிசல் மண்ணில் வாழ்ந்த ஒருவரின் உழைப்பு உறைந்திருக்கிறது. சொல்லைப் போற்றுவோர் சொல்லற்ற நாதத்தையும் வரலாற்றில் எழுதி வைத்தல் கடன்.