மழபாடிச் சுவரும் ஊரார் விளக்கும்

திருமானூர் ஒன்றியத்தில், கொள்ளிடத்தின் வடகரையில் விளங்குவது திருமழபாடி. பங்குனியில் நந்தியெம்பெருமான் திருமணம் காண ஆற்றைக் கடந்து வரும் கூட்டத்தை அறியாதார் இப்பகுதியில் இலர். ஆலம்பொழிலில் துயின்ற சுந்தரரின் கனவில் இறைவன் தோன்றி, மழபாடிக்கு வர மறந்தனையோ என வினவிய வரலாறும் யாவரும் கேட்டதே. ஆதலின் அவற்றை விரிக்காது, இக்கோயிற் கல்வெட்டு அறிவிக்கும் செய்தியொன்றை ஈண்டு உரைக்கப் புகுகின்றேன்.

முதலாம் இராசராசன் தன் 28ஆம் ஆட்சியாண்டில், 1013 அளவில், இங்குள்ள விமானத்தைப் பிரித்துப் புதிதாக எடுக்க ஆணையிட்டான். நற்பணியே, ஆயினும் பழஞ்சுவர் வெறுஞ்சுவரன்று. அதில் கொடைகள் எழுதப்பெற்றிருந்தன.

கொடை என்றவுடன் பொன்னும் மணியும் நினைவுக்கு வரும். சோழர் காலத்துக் கோயில்களில் மிகுதியாகக் காணப்படுவதோ விளக்குக் கொடை. ஒரு நந்தா விளக்குக்குப் பெரும்பாலும் 90 அல்லது 96 ஆடுகள் விடுவர். இடையர் அவற்றை ஏற்று நாள்தோறும் உழக்கு நெய் அளப்பர். அவ்வாடுகளுக்குச் ‘சாவா மூவாப் பேராடு’ என்று பெயர். ஆடு சாகாதா, மூக்காதா எனின், சாகும், மூக்கும். குட்டிகளைக் கொண்டு தொகை குன்றாது காத்தல் இடையர் கடன் என்பதே கருத்து. நிலக்கொடையாயின் எல்லையும் வாய்க்காலும் இறையிலி உரிமையும் கல்லில் ஏறும். ஆக, யார் எவ்வளவு நெய் அளக்கவேண்டும், எந்த நிலத்துக்கு வரியில்லை என்பதற்கெல்லாம் சுவரே சான்று. அஃது இடிந்தால் வழக்குக்கு முடிவேது?

இதனை உணர்ந்தே, இடிக்குமுன் எழுத்துகளையெல்லாம் ஏட்டிற் படியெடுத்து வைக்கச் செய்தனர். அவை மீண்டும் கல்லில் வெட்டப்பெற்றது இராசேந்திரனின் 14ஆம் ஆண்டில், அஃதாவது 1026இல். இடைப்பட்ட பதின்மூன்று ஆண்டுகள் ஊரார் உரிமையைக் காத்தது அந்த ஏடே.

இம்முறை இராசராசன் தானே கண்டதன்று. அவன் பாட்டனுக்குத் தமையனான கண்டராதித்தரின் தேவி செம்பியன் மாதேவியார், திருக்கோடிக்காவலைப் புதுப்பித்தபோது இவ்வாறே செய்தார். அவர் மழவரையர் குலமகள். அவர்தம் கணவர் பெயரால் அமைந்த கண்டராதித்தம் என்னும் ஊர் மழபாடிக்கு அருகிலேயே உள்ளது. திருப்பணி என்ற பெயரில் மணல் வீசிக் கல்லெழுத்தைத் தேய்த்த கோயில்கள் நம் காலத்தில் எத்தனை!

நந்தி திருமணத்துக்குச் செல்லும் அன்பர்கள் கருவறையை வலம் வருங்கால் அச்சுவரருகே சற்று நின்று, அவ்வெழுத்துகளைக் கண்டு வருவார்களாக.