ஓர் அடைமொழியும் வன்னி நிலமும்

வன்னிப் பாடசாலைகளில் இன்று பெருவழக்காகிவிட்ட ஆங்கிலச் சொற்களுள் ஒன்று 'வேஸ்ட்'. கணக்கு ஏறாத மாணவன் வேஸ்ட். மழையால் குழம்பிப்போன விளையாட்டுப் போட்டி வேஸ்ட். தமிழ் படிப்பதே வேஸ்ட் என்று, தமிழாசிரியராகிய எம் முகத்துக்கு நேரே கூறும் பெற்றோரும் உளர். குப்பைக்கூடையோடு சேர்த்தே இச்சொல்லை நாம் அறிந்திருக்கிறோம். ஆயின் இச்சொல் வன்னிக்கு முதன்முதலில் வந்தபோது குப்பையைக் குறித்து வரவில்லை. நிலத்தைக் குறித்து வந்தது. அதுவும் மக்களின் பேச்சு வழியாக வரவில்லை. சட்டத்தின் வழியாக வந்தது.

இலங்கையில் பிரித்தானியர் 1840ஆம் ஆண்டில் இயற்றிய 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், முடிக்குரிய காணிகளில் அத்துமீறிக் குடியேறுவதைத் தடுப்பது தன் நோக்கம் என்று கூறிக்கொண்டது. அதன் ஆறாம் பிரிவு நிலத்துக்கு நான்கு அடைகளைச் சூட்டுகிறது: காடாயுள்ள நிலம், 'வேஸ்ட்' ஆன நிலம், எவர் கைக்கொள்ளலிலும் இல்லாத நிலம், பயிர்செய்யப்படாத நிலம். இந்நான்கில் எதுவாயினும், மாறாக எண்பிக்கப்படும் வரை, அது முடியின் சொத்தென்றே ஊகிக்கப்படும். காட்டைக் கண்ணால் காணலாம். ஆள் இல்லாமையையும் பயிர் இல்லாமையையும் நேரிற் சென்று பார்த்து அறியலாம். இம்மூன்றினும் அடங்காத நான்காவது, அந்த 'வேஸ்ட்', எதைக் குறிக்கிறது? சட்டம் இயற்றியோர் வீணே ஒரு சொல்லைச் சேர்ப்பவர் அல்லர். ஆகவே அச்சொல்லின் பூர்வீகத்தைச் சற்றே தேடிப் பார்ப்பது பயனுடையது.

வெறுமையான, பாழ்பட்ட என்னும் பொருளுடைய 'வாஸ்துஸ்' என்ற இலத்தீன் சொல்லிலிருந்து, பழைய பிரெஞ்சு வழியாக இது ஆங்கிலத்தை அடைந்தது. பரந்த என்று பொருள்படும் 'வாஸ்ட்' என்பதும் அவ்வேரிற் பிறந்த உடன்பிறப்பே. 1066இல் இங்கிலாந்தை வென்ற நோர்மன் வேந்தன் வில்லியம், வடபுலத்துக் கிளர்ச்சியை அடக்கவென 1069இலும் 1070இலும் ஊர்களைக் கொளுத்தினான், களஞ்சியங்களை அழித்தான், பஞ்சத்தில் மக்கள் மாண்டனர். 1086இல் நாடு முழுவதற்கும் வரிக்கணக்கு எடுத்து 'டூம்ஸ்டே' என்னும் பேரேட்டை அவன் தொகுத்தபோது, யோர்க்சயர் ஊர்கள் பலவற்றின் எதிரே கணக்கர் எழுதிய இலத்தீன் குறிப்பு 'வாஸ்தா' என்பது. போரால் அழிந்த ஊர் என்பது அதன் பொருள் எனச் சில வரலாற்றாசிரியர் கூறுவர். வரி பெயராத ஊர் என்பதே பொருள் எனப் பிறர் வாதிடுவர். எமக்கோ இவ்விரண்டும் ஒன்றையொன்று மறுப்பனவாகத் தோன்றவில்லை. அழித்தவன் கணக்கேட்டில் அழிவு என்பது வரவின்மையாகத்தானே பதிவாகும்?

அடுத்த நூற்றாண்டுகளில் இச்சொல் இன்னொரு பொருளையும் பெற்றது. பிரபுவின் ஆட்சிக்குட்பட்ட பண்ணை நிலத்தில் உழவடையாத பகுதி 'வேஸ்ட்' எனப்பட்டது. ஆனால் அது வெறுநிலம் அன்று. அங்கே ஊரார் மாடு மேய்த்தனர், விறகு பொறுக்கினர், கரி வெட்டினர். வழக்காற்றுரிமை அவர்களுக்கு உண்டு. 1235ஆம் ஆண்டின் மேட்டன் சட்டம், குடிகளுக்குப் போதிய மேய்ச்சலை விட்டுவைத்தால் எஞ்சியதைப் பிரபு வேலியடைக்கலாம் என்றது. 'போதிய' என்பதை அளந்தவர் யாவர் என்று நாம் கேட்க வேண்டியதில்லை. 1604 முதல் 1914 வரை வேலியடைப்புக்கென இங்கிலாந்துப் பாராளுமன்றம் நிறைவேற்றிய சட்டங்கள் 5,200க்கும் மேலானவை. அடைபட்ட நிலம் ஏறத்தாழ 68 இலட்சம் ஏக்கர். நிலத்தை இழந்த உழவனே ஆலைத் தொழிலாளி ஆனான் என்பதை 1867இல் வெளிவந்த 'மூலதனம்' முதற்பாகத்தைக் கற்றோர் அறிவர்.

இடையிலே ஒரு தத்துவஞானி வந்தார். 1689இல் வெளியான அரசியல் நூலில் ஜோன் லொக், உழைப்பைக் கலப்பதனாலேயே நிலம் ஒருவனுக்கு உடைமையாகிறது என்றார். கேட்க இனிக்கும் கூற்று. உழைப்பை உயர்த்துவதாகவும் தோன்றும். ஆயின் இயற்கையின் போக்கில் விடப்பட்ட நிலம் அவருக்கு 'வேஸ்ட்'. அமெரிக்கப் பூர்வகுடிகளின் வேட்டைக் காடும் அவ்வாறே. கரோலினாக் குடியேற்றத்தின் உடைமையாளர்களுக்குச் செயலாளராய்ப் பணிபுரிந்தவர் அவர் என்பதையும் சேர்த்தே அந்நூலைப் படித்தல் வேண்டும். அவர் எழுத்தில் இவ்வடைமொழிக்கு ஓர் ஒழுக்கச் சாயலும் ஏறிவிட்டது. வெறுமையான நிலம் என்ற பொருளோடு, வீணாக்கப்படும் நிலம் என்ற பழியும் சேர்ந்தது. வீணாக்குபவனிடமிருந்து எடுப்பது களவாகாதன்றோ! (1922இல் எலியட் தம் நெடும்பாட்டுக்கு இச்சொல்லைத் தலைப்பாக்கியதைப் பல்கலைக்கழகத்தில் வியந்து படித்தோம். அந்தப் பாழ்நிலத்தில் வரிக்கணக்கு ஏதும் இல்லை. ஆகவே இங்கு அதனை விட்டுவிடுகிறோம்.)

இவ்வளவையும் சுமந்துகொண்டு இச்சொல் இலங்கைக்குக் கப்பலேறியது. மலைநாட்டில் அது செய்த வேலையை எல்லோரும் அறிவர். 1833 முதல் ஏக்கர் ஐந்து சிலிங் என்ற தொடக்க விலையில் முடிக்காணிகள் விற்கப்பட்டன. கோப்பித்தோட்டம் போட வாங்கியவர்களுள் ஆளும் உத்தியோகத்தரும் இருந்தனர். வன்னியிலோ கோப்பி விளையாது. அதனால் இங்கே நிகழ்ந்தது அவ்வளவு ஆரவாரமின்றி நிகழ்ந்தது, எழுதுவாரும் குறைந்தனர்.

1803 ஓகஸ்டில் பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைப் பிடித்தான். அவ்வாண்டு ஒக்டோபர் 31இல் கற்சிலைமடுவில் தளபதி வொன் டிறிபேர்க்கிடம் தோற்றான். அதற்கு முன்னரே ஒல்லாந்தர் படை பனங்காமத்தை அழித்திருந்தது. போரும் காய்ச்சலும் ஊர்களைக் குறைத்தன, குளக்கட்டுகள் உடைந்தன. இத்தகைய வன்னியைத்தான் பிரித்தானிய உத்தியோகத்தர் குதிரையிலிருந்து நோக்கி 'வேஸ்ட்' என்றனர். யோர்க்சயரின் கணக்கரை இங்கே நினைவுகூராதிருக்க முடியவில்லை.

ஆனால் அது வெறுநிலமா? போர்த்துக்கேயருக்கும் ஒல்லாந்தருக்கும் வன்னியர் செலுத்திய திறை யானை. யானை பிடிக்கும் தொழிலும் அதன் துயரமும் 'வேலப்பணிக்கன் பெண்சாதி அரியாத்தை பேரில் ஒப்பாரி' என்னும் நாட்டார் இலக்கியமாய் இன்றும் நிலைத்துள்ளன. தேனும் மெழுகும் இக்காடு தந்தவை. கூரை வேய விழலும், பஞ்ச நாளில் பசியாற்றப் பாலைப்பழமும் வீரைப்பழமும் தந்தது இக்காடே. காலபோகத்தில் வயல் விதைத்ததும் மாடுகளைக் காட்டோரத் தரவைகளுக்குச் சாய்த்துவிடுவர். அத்தரவை இல்லையேல் எருதில்லை, எருதில்லையேல் வயல் இல்லை. குளத்துக்கு மேலேயுள்ள காடு அக்குளத்தின் நீரேந்து நிலம்; அதனை வெட்டாது விட்டிருந்தமை சோம்பலால் அன்று.

சேனைப்பயிரைப் பற்றி இங்கே விரித்துக் கூறல் வேண்டும். பற்றைக்காட்டை வெட்டி, கோடையில் உலரவிட்டு எரித்து, மழையோடு குரக்கனும் சோளமும் எள்ளும் விதைப்பர். ஓரிரு விளைவின் பின் அத்துண்டை விட்டுப் பிறிதொன்றை நாடுவர். விட்ட நிலம் பல ஆண்டுகள் காடேறித் தன் உரத்தை மீளப் பெறும். அந்த ஆண்டுகளில் அதைப் பார்ப்பவனுக்கு அங்கே எவரும் இல்லை, பயிரும் இல்லை. ஆயினும் அது யாருடைய சேனை, எப்போது மீண்டும் வெட்டுவது என்பதை ஊர் அறியும். 1840ஆம் ஆண்டுச் சட்டம் இதனை அறியாததும் அன்று. கண்டி இராச்சியத்துக்கு உட்பட்டிருந்த மாவட்டங்களில் சன்னதுப் பட்டயம் முதலிய சான்றுகளைக் காட்டினால் சேனைக்கு உரிமை கோரலாம் என்று அது கூறியது. ஏனைய மாவட்டங்களின் சேனைகளெல்லாம் காடு அல்லது 'வேஸ்ட்' என்றே கருதப்படும் என்றும் விதித்தது. நாம் முன்னர் எழுப்பிய கேள்விக்கு விடை இங்கேதான் கிடைக்கிறது. உழைப்பு இருந்தும் பத்திரம் இல்லாத நிலத்தைக் குறிக்கவே அந்த நான்காவது அடை தேவைப்பட்டது.

ஒட்டுசுட்டான் என்னும் ஊர்ப்பெயருக்கு, குரக்கன் ஒட்டைச் சுட்ட இடம் என்று ஊரார் பொருள் கூறுவர். தான்தோன்றீசுவரர் கோயிலின் கதையும் அதனோடு இணைந்ததே. சேனை எரித்த தீயிலே கோயிலும் ஊரும் தோன்றியதாக நம்பும் மக்களின் நிலம் அது. கனகராயன்குளம், புளியங்குளம், மாங்குளம், பாலமோட்டை, நெடுங்கேணி, கற்சிலைமடு என்று இப்பகுதியின் ஊர்ப்பெயர்களை வரிசையாய்ச் சொல்லிப் பாருங்கள். குளமும் மோட்டையும் கேணியும் மடுவுமாக, நீரைத் தேக்கிய உழைப்பின் பதிவேடாகவே அவை உள்ளன. 1895இல் வன்னி மாவட்டங்களுக்கு ஒரு கைந்நூல் எழுதிய ஜே. பி. லூயிஸ் என்னும் சிவில் உத்தியோகத்தர் இத்தகைய ஊர்களின் விவரங்களைப் பக்கம் பக்கமாகத் தொகுத்தார். அவரை அனுப்பிய அரசாங்கம் இரண்டே ஆண்டுகளில் 'வேஸ்ட்' நிலங்களுக்கெனத் தனிச் சட்டமே இயற்றியது.

தமிழிலே இந்த ஒற்றைச் சொல்லுக்கு நேரான சொல் இல்லை. தரிசு என்போம், அது ஓய்ந்திருக்கும் நிலம், நாளை உழப்படும். பாழ் என்போம், அது இருந்து அழிந்தது. தரவை மேய்ச்சலுக்கு, கலட்டி கல்லடர்ந்தது, உவர் உப்பேறியது. இவற்றுள் ஒவ்வொன்றுக்கும் மனிதனோடு ஒவ்வோர் உறவு. முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்த நிலையே பாலை என்பது சிலப்பதிகாரம் காட்டும் கருத்து. பாலை ஒரு நிலத்தின் பிறவிக்குணம் அன்று, அதற்கு நேர்ந்த நிலை. இந்த நுட்பங்களையெல்லாம் ஓர் ஆங்கில அடை ஒரே வீச்சில் துடைத்துவிட்டது. தமிழகத்தில் இதற்கு இணையான கதை ஒன்றுண்டு. வரிக்கணக்குக்குப் புறம்பான ஏரி, மேய்ச்சல், சுடுகாடு ஆகிய பொதுநிலங்களைக் குறித்த 'புறம்போக்கு' என்னும் சொல், சென்னைத் தெருக்களில் மனிதனை ஏசும் வசையாகிவிட்டது. எம் வகுப்பறையில் மாணவனை 'வேஸ்ட்' என்பதும் அவ்வழியே வந்ததுதான்.

1897ஆம் ஆண்டின் முதலாம் இலக்கச் சட்டத்தின் பொறிமுறை எளியது. ஒரு நிலம் காடு, சேனை, 'வேஸ்ட்' அல்லது ஆளற்றது என்று அரசாங்க அதிபருக்குத் தோன்றினால் போதும். அவர் அறிவித்தல் இடுவார். மூன்று மாதங்களுக்குள் எவரும் உரிமை கோராவிடில் அது முடிக்குரியது. வர்த்தமானி வாசிக்கும் உழவனைக் கண்டவர் யார்? 1907ஆம் ஆண்டின் காட்டுச் சட்டத்தோடு மரம் வெட்டுவதும் பொருள் சேர்ப்பதும் அனுமதிச்சீட்டுக்குள் மேலும் இறுகின. 1842இல் ரைன் மாகாணத்து ஏழைகள் சுள்ளி பொறுக்குவதைத் திருட்டாக்கிய சட்டத்தைக் கண்டித்து இளம் மார்க்ஸ் எழுதிய கட்டுரைகளை, முதிரைமரக் கட்டையோடு பிடிபட்டவனின் வழக்கு நடக்கும் நாளில் எம் மாணவர் படிப்பாராயின் விளக்கவுரை தேவைப்படாது.

வன்னியை வெறுங்காடு எனக் கண்டோர் வெள்ளையர் மட்டுமல்லர். யாழ்ப்பாணத்தின் சனநெருக்கத்துக்கு வடிகாலாகவே 1936இல் கிளிநொச்சிக் குடியேற்றம் தொடங்கிற்று. பின்னர் மத்திய வகுப்பாருக்கென்றும் காணிகள் ஒதுக்கப்பட்டன. குடாநாட்டிலே இருந்துகொண்டு வன்னியில் குத்தகை பெற்றோர் இருந்தனர். 1970களில் தோட்டங்களின் பஞ்சத்துக்கும் 1977ஆம் ஆண்டு வன்செயலுக்கும் தப்பி வந்த மலையக மக்கள் இங்கே காடு வெட்டிக் கழனியாக்கினர். அவர்களைக் கூலிகளாய் வைத்திருந்தவர்களும், அத்துமீறிக் குடியேறியோர் என்று அழைத்தவர்களும் நம்மவரே. அச்சொல் 1840ஆம் ஆண்டுச் சட்டத்தின் தலைப்பிலேயே உள்ள சொல் என்பதை அவர்கள் அறிந்திருக்க நியாயமில்லை.

1972இல் நாடு குடியரசானபோது 'முடி' போய் 'அரசு' வந்தது, ஊகம் மாறவில்லை. 1897ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 1931இல் வந்த காணி நிர்ணயக் கட்டளைச் சட்டமும் அதே மூன்று மாத வழியையே பின்பற்றியது. அதன் நான்காம் பிரிவின் கீழ் 2025 மார்ச் 28இல் ஒரு வர்த்தமானி அறிவித்தல் வெளியாயிற்று. வடமாகாணத்தில் 5,941 ஏக்கர். அவற்றுள் முல்லைத்தீவில் 1,703, கிளிநொச்சியில் 515. மூன்று மாதங்களுக்குள் உரிமை கோராவிடில் அரச காணி. 2009இல் முடிந்த போரில் உறுதியும் அனுமதிப்பத்திரமும் கூரையோடு எரிந்துபோன மக்களிடம் கேட்கப்பட்ட சான்று இது. கடல் கடந்து அகதியானோர் பலர். எதிர்ப்பு வலுத்தது, உயர்நீதிமன்றத்துக்கும் வழக்குச் சென்றது, அவ்வாண்டிலேயே அறிவித்தல் மீளப் பெறப்பட்டது.

ஆயினும் வேறு திணைக்களங்களின் எல்லைக்கற்கள் இருக்கவே செய்கின்றன. இடம்பெயர்ந்திருந்த ஆண்டுகளில் வயல்களில் மரம் வளர்ந்துவிட்டது. வளர்ந்த மரத்தைக் கண்டு காடு என்று எழுதிவிட்டனர். எம்மிடம் படிக்கும் மாணவி ஒருத்தியின் பாட்டனார், அலுவலகம் ஒன்றுக்குக் கொடுக்க வேண்டிய படிவத்தை நிரப்பித் தரும்படி ஒருநாள் வந்தார். "கடதாசி எங்கையெண்டு கேக்கினம் சேர். அது முள்ளிவாய்க்காலோடை போட்டுது. குளக்கட்டும் கிணறும் அங்கைதான் கிடக்கு. அதை நான் எப்பிடித் தூக்கிக்கொண்டு போய்க் காட்டுறது?" என்றார். படிவத்தில் நிலத்தின் தன்மை என்று ஒரு கட்டம் இருந்தது. என்ன எழுதுவது என்று கேட்டோம்.

"வயல் எண்டு எழுதுங்கோ" என்றார். அங்கே இப்போது நிற்பவை பாலையும் வீரையும். நாம் வயல் என்றே எழுதினோம்.