செய்தியின் மெய்ம்மையும் அரசாங்கத்தின் முத்திரையும்

அரசாங்கத்தைப் பற்றி ஒரு செய்தி வெளிவருமாயின், அது மெய்யா பொய்யா என்று தீர்க்கும் உரிமை யாருக்கு உரியது? இவ்வினா நூறாண்டுக்கு மேலாக நம் நாட்டு இதழியல் வரலாற்றில் மீண்டும் மீண்டும் எழுந்துள்ளது. அதற்குக் காலந்தோறும் கிடைத்த விடைகளைத் திண்டுக்கல் சமவெளியில் தொடங்கி ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

திண்டுக்கல்லுக்குத் தென்மேற்கே, கொடைக்கானல் மலையின் அடிவாரத்தில் உள்ளது வத்தலக்குண்டு. சுப்பிரமணிய சிவா 1884-ஆம் ஆண்டு அக்டோபர் 4-ஆம் நாள் இவ்வூரிற் பிறந்தார். 1908-இல் திருநெல்வேலியில் வ. உ. சிதம்பரம் பிள்ளையுடன் அவர்மீதும் அரசத்துரோக வழக்குத் தொடரப்பெற்றது. நீதிபதி பின்ஹே சிவாவுக்குப் பத்தாண்டு நாடுகடத்தல் தண்டனை விதித்தார். சென்னை உயர்நீதிமன்றம் அதனை ஆறாண்டாகக் குறைத்தது. சிறையிலே தொழுநோய்க்கு ஆளான சிவா, 1912-இல் விடுதலை பெற்று, 1913-இல் 'ஞானபானு' என்னும் திங்களிதழைத் தொடங்கினார். பாரதியாரும் அதில் எழுதினார்.

சிவா பிறர் வெளியிட்ட செய்திகளைச் சரிபார்க்கும் தொழில் செய்தவர் அல்லர். எனினும், அவரைத் தண்டித்த சட்டத்தின் இயல்பு ஈண்டு நோக்கத்தக்கது. இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 499-ஆம் பிரிவு, பொதுநன்மையின் பொருட்டு உண்மையை உரைத்தல் அவதூறு ஆகாது என்று விலக்களித்தது. 1870-இல் சேர்க்கப்பெற்ற 124-அ என்னும் அரசத்துரோகப் பிரிவிலோ அத்தகைய விலக்கு இல்லை. ஒருவன் கூறியது மெய்யா என்று அப்பிரிவு வினவவில்லை. அது வெறுப்பை விளைத்ததா, விளைக்க முயன்றதா என்றே வினவிற்று. தனிமனிதனைப் பற்றிய உண்மைக்கு இருந்த காப்பு அரசாங்கத்தைப் பற்றிய உண்மைக்கு இல்லாமற் போயிற்று என்பது இதனாற் புலனாகும்.

1910-ஆம் ஆண்டின் அச்சகச் சட்டம் இதனினும் ஒருபடி மேற்சென்றது. புதிய அச்சகத்தார் 500 முதல் 2,000 ரூபாய் வரை பிணைத்தொகை கட்டவேண்டும் என்றும், விரும்பத்தகாதன வெளியிடின் அத்தொகை பறிமுதல் ஆகும் என்றும் அச்சட்டம் விதித்தது. 1916-இல் அன்னி பெசன்ட் அம்மையாரின் 'நியூ இந்தியா' 2,000 ரூபாயை இழந்து, மீண்டும் 10,000 ரூபாய் கட்ட நேர்ந்தது. இவ்வாறு இதழின் நாவை அடக்க அதன் பணப்பையே கருவியாயிற்று. 'ஞானபானு' தோன்றியதும் இச்சட்டம் நடைமுறையில் இருந்த காலத்திலேயாம்.

விடுதலைக்குப் பின்னர் இவ்வினாவிற்குத் தெளிவான விடை ஒரு தமிழ் இதழின் வழக்கிலே கிடைத்தது. கொலைக் குற்றத்திற்காக மரணதண்டனை விதிக்கப்பெற்ற ஆட்டோ சங்கர் என்பவனின் தன்வரலாற்றை வெளியிட 'நக்கீரன்' முற்பட்டது. அதில் உயர் அலுவலர் சிலரோடு அவனுக்கிருந்த தொடர்பு பேசப்பட்டது. 1994 சூன் 15-இல் சிறைத்துறைத் தலைவர், அது பொய்யானது என்றும் வெளியிடலாகாது என்றும் எழுதினார். குற்றம் சாட்டப்பெற்ற துறையே செய்தியின் மெய்ம்மைக்குத் தீர்ப்பளிக்க முற்பட்டமை காண்க. அவ்வாண்டு அக்டோபர் 7-இல் உச்சநீதிமன்றம், வெளியீட்டை முன்கூட்டித் தடுக்க அரசாங்கத்திற்கோ அலுவலர்க்கோ உரிமை இல்லை எனத் தீர்த்தது. அலுவற் கடமை பற்றிய செய்தியாயின், அதனை எழுதியவர் தக்கவாறு ஆராய்ந்து சரிபார்த்த பின்னரே எழுதினார் என்று காட்டினால் அமையும் என்றும் கூறிற்று. மெய்ம்மை காணும் கடமை எழுதுவோனுடையது. முத்திரையிடும் அதிகாரம் ஆள்வோனுடையதன்று என்பதே இத்தீர்ப்பின் சாரம் எனலாம்.

சரிபார்த்தலையே தொழிலாகக் கொண்ட இதழாளர் பின்னர்த் தோன்றினர். 2017-இல் தொடங்கப்பெற்ற 'ஆல்ட் நியூஸ்' அத்தகையது. அதன் நிறுவனருள் ஒருவரான முகமது சுபைர், 2018-இல் டுவிட்டரில் இட்ட ஒரு குறிப்பிற்காக 2022 சூன் 27-இல் கைது செய்யப்பெற்றார். உத்தரப்பிரதேசத்திலும் அவர்மீது பல வழக்குகள் நின்றன. சூலை 20-இல் உச்சநீதிமன்றம் பிணை வழங்கியது. அவர் இனி அத்தளத்தில் எழுதலாகாது என்று தடை விதிக்குமாறு அரசாங்கத் தரப்பு வேண்டியதை அது ஏற்கவில்லை.

இத்தொழிலின் பயனைத் தமிழகம் அடுத்த ஆண்டே கண்டது. வேடசந்தூர் முதலிய திண்டுக்கல் சமவெளி ஊர்களின் நூற்பாலைகளில் வடமாநிலத் தொழிலாளர் பலர் உழைக்கின்றனர். 2023 மார்ச்சில், தமிழகத்தில் பீகார்த் தொழிலாளர் தாக்கப்படுகின்றனர் என்ற வதந்தி காட்சிப் படங்களோடு பரவிற்று. அப்படங்கள் வேறு நிகழ்ச்சிகளுக்கு உரியவை எனத் தமிழகக் காவல்துறை மறுத்தது. ஆயினும், தன் மாநிலத்தைப் பற்றிய பழியை ஓர் அரசு மறுத்தல் எங்கும் இயல்பே. அம்மறுப்பு ஒன்றே பீகாரில் உள்ள தாயின் அச்சத்தைத் தீர்க்குமா? அரசைச் சாராத இதழாளர், ஒரு படம் சோத்பூரில் நிகழ்ந்த கொலையைக் காட்டுவது என்பது முதலியவற்றைச் சான்றோடு நிறுவினர். பீகார் அரசு அனுப்பிய குழுவும் நேரில் வந்து கண்டது. ஒன்றையொன்று சாராத மூன்று வாய்கள் ஒன்றையே கூறியபோது உண்மை நிலைபெற்றது.

ஒற்றாடல் என்னும் அதிகாரத்தில் வள்ளுவர் வகுத்த நெறியும் இதுவே. ஓர் ஒற்றன் கொணர்ந்ததை மற்றோர் ஒற்றனைக் கொண்டு ஆராய்க என்றும், ஒருவரை ஒருவர் அறியாதவாறு ஆளப்பட்ட மூவர் சொல் ஒத்தவழித் தெளிக என்றும் அவர் வேந்தனுக்கு அறிவுறுத்தினார். பிறரைப் பற்றிய செய்தியைத் தெளிய வேந்தனுக்கே இந்நெறி வேண்டுமெனின், வேந்தனைப் பற்றிய செய்தியைத் தெளியக் குடிகளுக்கு இஃது எத்துணை இன்றியமையாதது!

இந்நெறிக்கு மாறாக, 2023 ஏப்ரல் 6-இல் மத்திய அரசாங்கம் தகவல் தொழில்நுட்ப விதிகளைத் திருத்தியது. தன் அலுவல் பற்றிய செய்திகளுள் பொய்யானவை எவை எனத் தன் பிரிவு ஒன்றே சுட்டும். அவ்வாறு சுட்டியவற்றை நீக்காத சமூக வலைத்தளங்கள் தம் சட்டக் காப்பை இழக்க நேரும் என்பது அதன் விளைவு. 2024 மார்ச் 20-இல் அப்பிரிவு அறிவிக்கப்பெற்றது. மறுநாளே உச்சநீதிமன்றம் அதனை நிறுத்திவைத்தது. அவ்வாண்டு செப்டம்பரில் மும்பை உயர்நீதிமன்றம் அவ்விதியை அரசியலமைப்புக்கு முரணானது எனத் தள்ளிற்று. இவ்விருப்பம் மத்திய அரசாங்கத்திற்கு மட்டும் உரியதன்று. தமிழக அரசும் 2023-இல் தகவல் சரிபார்ப்பகம் ஒன்றை அமைத்தது. அரசு தன் மறுப்பை வெளியிடுதல் குற்றமன்று. அம்மறுப்பே இறுதித் தீர்ப்பாகிப் பிறர் சொல்லை அழிக்கும்போதுதான் குற்றம் பிறக்கின்றது.

1908-இல் மெய்ம்மை வினவப்படவில்லை. 2023-இலோ வினவப்பட்டது, ஆனால் விடை கூறும் உரிமையை ஆள்வோரே வேண்டினர். வழி வேறாயினும் இரண்டும் சென்று சேரும் இடம் ஒன்றே. பிறர் சரிபார்க்க விடாத அரசின் சொல், மெய்யாக இருக்கும் வேளையிலும் நம்பப்படாது. ஆதலின் சார்பற்ற சரிபார்ப்பாளரைக் காத்தல் இதழாளரின் நலம் மட்டுமன்று. அரசின் சொல்லுக்கு மதிப்பு வேண்டுவோர் அனைவர்தம் நலமுமாம் என்பது இதனாற் பெறப்படும்.