வீடும் உருபும்

சுவருக்கு என்ன வர்ணம் பூசலாம், சமையலறை மேடைக்கு என்ன கல் போடலாம் என்று நாள் பூராவும் பேசிக்கொண்டிருக்கும் ஒரு டெலிவிஷன் சானலுக்குச் சரித்திரம் என்று ஒன்று இருக்க முடியுமா என்று நண்பர் ஒருவர் கேட்டார். விளம்பரதாரர்களின் பட்டியல் இருக்கலாம், சரித்திரம் இராது என்பது அவர் கட்சி. இருக்கிறது, அதுவும் மொழியைப் பற்றிச் சதா கவலைப்பட்டுக்கொண்டிருக்கும் நம்மைப் போன்றவர்கள் கவனிக்க வேண்டிய சரித்திரம் என்பது என் கட்சி. அன்று சரியாகச் சொல்ல வரவில்லை. இப்போது எழுதிப் பார்க்கிறேன்.

நான் சொல்லும் சானல் கனடாவின் க்யூபெக் மாகாணத்தில், பிரெஞ்சு மொழியில், 2008ல் ஆரம்பிக்கப்பட்டது. மாண்ட்ரியலில் ஒரு சிநேகிதர் வீட்டில் சில வாரங்கள் தங்கியிருந்தபோது, அரைகுறைப் பிரெஞ்சை வைத்துக்கொண்டு அதையும் அதைப் போன்ற வேறு சிலவற்றையும் பார்த்தேன். தொடங்கியபோது அதற்குப் பெயர் 'லேஸிதே த மா மெஸோன்'. 'என் வீட்டுக்கான யோசனைகள்' என்று அர்த்தம். அந்தப் பெயரில் ஏற்கனவே வந்துகொண்டிருந்த ஒரு பத்திரிகையின் பெயரையே சானலுக்கும் வைத்தார்கள். 2012ல் அது 'காஸா' ஆயிற்று. வீட்டைப் புதுப்பிப்பது, தோட்டம், சமையல், வீடு வாங்குவது, விற்பது: இவைதான் விஷயம். காஸா என்பது இத்தாலியிலும் ஸ்பானியத்திலும் வீட்டைக் குறிக்கும் சொல். பிரெஞ்சைக் காப்பாற்றச் சட்டம் மேல் சட்டம் போட்ட ஒரு மாகாணத்தில், வீட்டைப் பற்றிய பிரெஞ்சுச் சானலுக்கு ஏன் பிரெஞ்சில்லாத ஒரு பெயர்? எனக்கு முதலில் தோன்றிய கேள்வி இதுதான். பதிலுக்குக் கொஞ்சம் சுற்றிக்கொண்டு போக வேண்டும்.

1960 வரைக்கும் க்யூபெக்கில் பிரெஞ்சு எங்கே இருந்தது? வீட்டில், மாதா கோயிலில், பள்ளிக்கூடத்தில், வயலில். பெரிய தொழிற்சாலையின் மேலதிகாரியும் பெரிய வங்கியும் பேசியது ஆங்கிலம். ஜனத்தொகையில் பெரும்பான்மையாக இருந்தும், வருமானத்தில் பிரெஞ்சு வம்சாவளியினர் மற்றெல்லா இனத்தாருக்கும் கிட்டத்தட்டக் கடைசியில் நின்றார்கள் என்பதை 1963ல் நியமிக்கப்பட்ட அரசுக் கமிஷன் கணக்குப் போட்டுக் காட்டியது. காப்ரியேல் ருவாவின் 'போனர் தொக்காஸியோன்' நாவல் (1945) இந்த நிலைமையைப் புள்ளிவிவரம் இல்லாமலே சொல்லிவிட்டது. மாண்ட்ரியலின் சேன்-ஹான்ரி பகுதியில் ஓர் ஏழைக் குடும்பம். மூத்த பெண் ஒரு கடையில் வேலை பார்க்கிறாள். வசந்தம் வந்தால் குத்தகை முடியும். மே முதல் தேதி மூட்டை முடிச்சோடு வேறு வீடு தேட வேண்டும். பிரசவ வேதனையையும் வீடு மாறும் நாளையும் தாய் ஒன்றாகவே அனுபவிக்கிறாள். மொழி இருந்தது வீட்டுக்குள்; அந்த வீடோ வாடகை வீடு. நாவலின் சாரம் எனக்கு இப்படித்தான் படுகிறது.

1962 தேர்தலில் ஜான் லெஸாஜின் லிபரல் கட்சி வைத்த கோஷம் 'மேத்ர் ஷே நூ'. 'நம் வீட்டில் நாமே எஜமானர்' என்று சொல்லலாம். மின்சாரத்தைத் தேசியமயமாக்க ஜனங்களின் சம்மதம் கேட்ட தேர்தல் அது. யோசனைக்குப் பின்னால் இருந்த மந்திரி ரெனே லெவெக். 1950களின் பிற்பகுதியில் ரேடியோ-கனடா டெலிவிஷனில் கரும்பலகையும் தேசப்படமும் வைத்துக்கொண்டு உலக விவகாரங்களை ஜனங்களுக்கு விளக்கியவர். க்யூபெக்கின் அரசியல் விழிப்பு வீட்டுக் கூடத்தில் இருந்த டெலிவிஷன் பெட்டி வழியாகவும் வந்தது என்பதை மறந்துவிடக் கூடாது. தேர்தல் ஜெயித்தது. 1963 மே முதல் தேதி 11 தனியார் மின்சாரக் கம்பெனிகள் ஹைட்ரோ-க்யூபெக்கின் கைக்கு வந்தன. மே முதல் தேதி, வீடு மாறும் அதே நாள்! திட்டம் போட்டுச் செய்திருக்க மாட்டார்கள். இன்று க்யூபெக் வீடுகளில் பெரும்பாலானவை குளிர்காலத்தில் மின்சாரத்தால்தான் சூடேற்றப்படுகின்றன. 'வீடு' என்ற உருவகம் நிஜ வீட்டின் சுவரோரம் ஓடும் சூடான கம்பியாகிவிட்டது.

இனி அந்தக் கோஷத்தின் மறுபக்கம். 1968 ஆகஸ்டில் மிஷேல் ட்ராம்ப்ளேயின் 'லே பெல்-ஸேர்' மாண்ட்ரியலில் மேடையேறிற்று. இடம் ஒரு சமையலறை. பாத்திரங்கள் 15 பெண்கள். ஜெர்மேன் லோஸோன் என்பவளுக்குக் கடைக்காரர்கள் தரும் பரிசு ஸ்டாம்புகள் பத்து லட்சம் அடித்துவிட்டது. சின்னச் சின்னப் புஸ்தகங்களில் ஒட்டிக் கொடுத்தால் கேட்டலாக்கில் உள்ள எதை வேண்டுமானாலும் வாங்கிக்கொள்ளலாம். வீடு முழுவதையும் புதிதாக்கிவிடலாம் என்று கனவு காண்கிறாள். ஒட்டித் தருவதற்கு அக்கம்பக்கத்துப் பெண்களையும் உறவுக்காரிகளையும் கூப்பிடுகிறாள். அவர்கள் ஒட்டிக்கொண்டே திருடுகிறார்கள். அத்தனை பேரும் பேசுவது ஜுவால் என்று இளக்காரமாகச் சொல்லப்பட்ட மாண்ட்ரியல் உழைப்பாளிகளின் பிரெஞ்சு. ஆங்கிலம் கலந்து, உச்சரிப்பு சிதைந்து, சமையலறைக்கு வெளியே போனால் அவமானம் என்று கருதப்பட்ட பேச்சு. 1972ல் நாடகத்தைப் பாரிசுக்குக் கொண்டுபோக மாகாண அரசு பணம் தர மறுத்தது. எஜமானர் ஆனவர்களுக்குத் தங்கள் சமையலறையை விருந்தாளிக்குக் காட்ட வெட்கம்.

இந்த நாடகத்தை மொழிப் பிரச்னையாகவும் வர்க்கப் பிரச்னையாகவும் எவ்வளவோ பேர் அலசியிருக்கிறார்கள். எனக்கோ அந்தக் கேட்டலாக்தான் முக்கியமாகப் படுகிறது. வீட்டில் எஜமானராவது என்றால் ஜெர்மேனுக்குப் புது நாற்காலி, புது விளக்கு, புதுத் தரைவிரிப்பு. அரசியல் தந்த வாக்குறுதியை அவள் அட்சரம் பிசகாமல் எடுத்துக்கொள்கிறாள். இதில் அவளைப் பார்த்துச் சிரிக்க என்ன இருக்கிறது? வீடு என்று சொன்னவர்கள்தான் வீடு என்றால் எது என்று சொல்லாமல் விட்டார்கள்.

1977ல் 101ஆம் சட்டம் வந்தது. கமில் லோரான் என்ற மந்திரியின் கைவேலை. அவர் மனோதத்துவ மருத்துவர் என்பதும் தற்செயல் இல்லை என்று தோன்றுகிறது. வேலைத்தலத்தின் மொழி பிரெஞ்சு. கடைப் பலகை பிரெஞ்சு. வெளியிலிருந்து குடியேறுபவர்களின் குழந்தைகளுக்குப் பள்ளிக்கூடம் பிரெஞ்சு. சாமான்களின் மேல் ஒட்டும் காகிதமும், விற்பனைக் கேட்டலாக்கும் பிரெஞ்சில் இருக்க வேண்டும். ஜெர்மேனின் கேட்டலாக்குக்குச் சட்டத்தில் ஒரு ஷரத்து கிடைத்துவிட்டது. ஆனால் 1868லிருந்து பிரெஞ்சுக்காரர்களே நடத்திவந்த, தபாலில் சாமான் அனுப்பிய பெரிய ஜவுளி, பண்டக்கடையான 'துப்யூயி ஃப்ரேர்' 1978ல் மூடப்பட்டது. சட்டம் மொழியைக் கடைக்குள் கொண்டுவர முடிந்ததே தவிர, அந்த மொழிக்காரரின் கடையைக் காப்பாற்ற முடியவில்லை.

சானலுக்கு வருகிறேன். 1980களிலிருந்து கனடாவின் ஒளிபரப்பு ஒழுங்குமுறைக் கமிஷன் ஒவ்வொரு விஷயத்துக்கும் ஒரு சானல் என்று லைசென்ஸ் கொடுத்துக்கொண்டு போனது. சங்கீதத்துக்கு ஒன்று, விளையாட்டுக்கு ஒன்று, வானிலைக்கு ஒன்று. 1997ல் 'கானால் வீ' ('வாழ்க்கைச் சானல்') பிரெஞ்சில் தொடங்கியது. பிரிவினை வாக்கெடுப்பு 49.42க்கு 50.58 என்று மயிரிழையில் தோற்று அப்போது இரண்டு வருஷம் ஆகியிருந்தது. தேசம் கிடைக்காதவர்கள் வர்ணம் பூசப் போனார்கள் என்று எழுதினால் வாசகம் அழகாக இருக்கும். ஆனால் அது உண்மையில்லை. அதே வருஷம் ஆங்கிலக் கனடாவிலும் இதே மாதிரிச் சானல் வந்தது. இருந்தாலும் ஒரு விஷயத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. கானால் வீயில் ஒரு நிகழ்ச்சி: 'க்யூபெக்கில் விற்பதா, புதுப்பிப்பதா' என்று பெயர். ஆங்கிலக் கனடாவில் எடுத்த ஒன்றின் தழுவல். இருக்கும் வீட்டைச் சரிசெய்துகொண்டு அதிலேயே இருப்பதா, விட்டு வெளியேறுவதா என்று ஒரு குடும்பம் முடிவு செய்ய வேண்டும். 1980லும் 1995லும் ஒரு ஜனத்தொகை முழுவதையும் கேட்ட கேள்வி இதுதானே?

2008ல் வந்த நம் சானலின் வம்சாவளி இன்னும் நேரடியானது. அதன் சொந்தக்காரர் தெவேஆ குழுமம், அதாவது 1961ல் மாண்ட்ரியலில் தொடங்கிய தனியார் டெலிவிஷனின் வாரிசு. 2000த்தில் அதையும் அதன் கேபிள் கம்பெனியையும் தன் கீழ் வைத்திருந்த ஸ்தாபனத்தை டொரண்டோக் கம்பெனி ஒன்று வாங்கும் தறுவாயில் இருந்தது. குறுக்கே புகுந்து, கெபெக்கோர் என்ற உள்ளூர் அச்சு, பத்திரிகை முதலாளிக்குப் பணம் கொடுத்து வாங்க வைத்தது மாகாணத்தின் பென்ஷன் நிதியை நிர்வகிக்கும் 'கேஸ் த தெப்போ'. அந்த நிதி ஸ்தாபனம் உருவானது 1965ல், லெஸாஜ் ஆட்சியில், 'நம் வீட்டில் நாமே எஜமானர்' என்ற அதே உத்வேகத்தில். கோஷம் நிதியாயிற்று, நிதி கேபிள் கம்பெனியைக் காப்பாற்றியது, அந்தக் குடும்பத்தில் பத்திரிகை இருந்தது, பத்திரிகை சானலாயிற்று. 1962க்கும் சமையலறை மேடைக் கல்லுக்கும் நடுவில் ஓடும் சங்கிலியில் கண்ணி எதுவும் விட்டுப்போகவில்லை. நண்பருக்கு நான் சொல்ல நினைத்தது இந்தச் சங்கிலியைத்தான்.

இனி பெயர். பிரெஞ்சில் வீட்டுக்கு 'மெஸோன்' என்ற சொல் இருக்கிறது. லத்தீனில் குடிசையைக் குறித்த 'காஸா' என்ற சொல் இத்தாலியில் வீடாகவே நிலைத்தது. பிரெஞ்சில் அது தேய்ந்து தேய்ந்து பெயர்ச்சொல் என்ற அந்தஸ்தை இழந்து, 'இன்னாரிடத்தில்' என்று பொருள்படும் 'ஷே' என்ற இடைச்சொல்லாகிவிட்டது. 'மேத்ர் ஷே நூ'வில் இருக்கும் 'ஷே' அதுதான். தமிழ் வாசகருக்கு இது புதிதாக இராது. இல் என்றால் வீடு. இல் ஏழாம் வேற்றுமை உருபும்கூட. முன்னதிலிருந்துதான் பின்னது வந்தது என்று மொழியியலார் கருதுகிறார்கள். 'வீட்டில்' என்று சொல்லும்போது நாம் வீட்டை இரண்டு தரம் சொல்கிறோம்.

ஆக, பெயர் வைத்தவர்களுக்குத் தெரிந்திருந்ததோ இல்லையோ, 1962ன் கோஷத்தில் உருபாக ஒளிந்திருந்த வீடு 2012ல் பெயர்ச்சொல்லாகத் திரும்பி வந்துவிட்டது. வித்தியாசம் ஒன்று உண்டு. உருபாக இருந்தபோது அதற்குப் பின்னால் 'நாம்' இருந்தது. 'நம் இடத்தில்' என்றுதான் அதைச் சொல்ல முடியும். பெயர்ச்சொல்லாக வந்தபோது அது தனியாக நிற்கிறது. யாருடைய வீடாகவும் இருக்கலாம், விற்கலாம், வாங்கலாம். 2021 கணக்குப்படி கனடாவில் 66.5 சதவீதக் குடும்பங்கள் சொந்த வீட்டில் இருக்கின்றன, க்யூபெக்கில் 59.9. மாண்ட்ரியல் நகருக்குள் இன்னும் வாடகைக்காரர்களே பெரும்பான்மை. காப்ரியேல் ருவாவின் நாவலில் வரும் அந்தத் தாயின் பேத்தி, சுவரில் ஆணி அடிக்க வீட்டுக்காரரைக் கேட்க வேண்டிய நிலையில், சுவரையே இடிக்கும் நிகழ்ச்சியைப் பார்த்துக்கொண்டிருக்கலாம்.

இந்த இடத்தில் நிறுத்தினால் என் கட்டுரை வியாபாரக் கலாச்சாரத்துக்கு எதிரான இன்னொரு முணுமுணுப்பு ஆகிவிடும். நண்பர் சந்தோஷப்படுவார். ஆனால் நான் பார்த்தது அது மட்டுமில்லை. க்யூபெக்கில் 1961ல் பிரெஞ்சு மொழி அலுவலகம் ஏற்பட்டது. ஆங்கிலச் சொற்களுக்குப் பதிலாகப் பிரெஞ்சுச் சொற்களைப் பட்டியல் பட்டியலாகத் தந்தது. 'ஸிங்க்' என்று சொல்லாதே, 'ஏவியே' என்று சொல். பட்டியலில் இருக்கும் சொல் கொத்தனார் வாய்க்கு எப்படிப் போகும்? இந்த மாதிரிச் சானலில் ஓர் ஆள் கையில் சாமானைப் பிடித்துக்கொண்டு அதன் பெயரைச் சொல்கிறான். ஒரு கை மரத்தை அளக்கிறது, வாய் 'தெ பார் கத்ர்' என்கிறது: எண் பிரெஞ்சு, அங்குலம் ஆங்கிலம். ஜுவால் வெட்கப்படாமல் உட்கார்ந்திருக்கிறது; பக்கத்திலேயே பட்டியல் சொல்லும் உட்கார்ந்திருக்கிறது. கவிஞர்கள் மொழிக்கு மானம் கொடுத்தார்கள். சட்டம் அதிகாரம் கொடுத்தது. திருகாணிக்கும் சுவர்ப்பலகைக்கும் பேச்சுக் கொடுத்ததில் இந்தச் சானலுக்கும் பங்கு உண்டு. மொழி பிழைப்பது கவிதையால் என்று நம்பும் நமக்கு இது சற்றுக் கசப்பாக இருக்கலாம்.

நான் தங்கியிருந்த வீட்டுக்காரர் 1980களில் யாழ்ப்பாணத்திலிருந்து போனவர். அவர் மனைவி சொன்னார்: "வகுப்பிலை படிச்ச பிரெஞ்சு நிக்கேல்லை. இதைப் பாத்துத்தான் வந்தது. கை செய்யிறதை வாய் சொல்லுதெல்லே." மகள் அங்கேயே பிறந்தவள், 101ஆம் சட்டத்தின் குழந்தை. பள்ளிக்கூடம் பிரெஞ்சு, சிநேகிதிகள் பிரெஞ்சு, தமிழ் அம்மாவிடம், அதுவும் சமையலறையில். கனடாவின் ஜனத்தொகைக் கணக்கில் 1971லிருந்து வீட்டில் அதிகம் பேசும் மொழி எது என்று கேட்கிறார்கள். அந்த வீட்டில் அந்தக் கட்டத்தில் எழுதியிருந்தது தமிழ். 1960க்கு முன் க்யூபெக்கில் பிரெஞ்சு இருந்த இடத்தைவிடவும் குறுகிய இடத்தில் தமிழ் இருப்பதை, அந்தப் பிரெஞ்சின் சரித்திரத்தைப் படித்துக்கொண்டே பார்த்தேன்.

ஒரு சாயங்காலம் அந்தப் பெண் சுவரில் புஸ்தக அலமாரி மாட்டிக்கொண்டிருந்தாள். "அம்மா, அந்த நிவோவை எடுங்கோ" என்றாள். பச்சைத் திரவத்தில் குமிழி ஓடும் சிறிய சட்டம். எனக்கும் சட்டென்று தமிழ்ப் பெயர் வரவில்லை. அலமாரி மாட்டி முடித்த பிறகு ஞாபகம் வந்து, "ரசமட்டம்" என்றேன். அம்மா கொஞ்ச நேரம் யோசித்தார். "ஊரிலை வீடு கட்டேக்கை மேசன் என்னவோ ஒண்டு சொல்லுவார், மறந்துபோச்சு" என்றார். இத்தனை வருஷத்தில் அந்த வீட்டில் அந்தச் சொல்லுக்கு வேலை வரவில்லை. அலமாரி நேராகத்தான் இருந்தது.